கிராம சபையில் ஒரு செருமல்

வட்டார வளர்ச்சி அலுவலகத்தில் புதிதாகச் சேரும் பிள்ளைகள் இப்போதும் எனக்குப் போன் போட்டுக் கேட்பார்கள். "மேடம், கிராம சபைக்குப் பற்றாளரா போகச் சொல்லியிருக்காங்க. அங்க போயி என்ன செய்யணும்?" ஒன்றும் செய்ய வேண்டாம், உட்கார்ந்து பார், வந்து எழுது என்பேன். விதிப்படி அதுதான் வேலை. ஊரில் ஓட்டுள்ள எல்லோரும் கூடி உட்கார்ந்து, ஊருக்கு என்ன வேண்டும் என்று தீர்மானம் போடும் கூட்டம் கிராம சபை. தலைவர் நடத்துவார். கூட்டம் ஒழுங்காக நடந்ததா என்று அரசாங்கத்தின் சார்பில் பார்க்கப் போகிறவர் பற்றாளர். வேலை இவ்வளவுதான். ஆனால் ஒரே ஒரு ஊரில் இந்த வேலை என்னை என்ன பாடு படுத்தியது என்பதை எழுதி வைக்கிறேன். நம்புவதும் நம்பாததும் உங்கள் இஷ்டம்.

நான் துணை வட்டார வளர்ச்சி அலுவலராக ஓய்வு பெற்றவள். பிறந்தது அருப்புக்கோட்டையில், நெசவாளர் தெருவில். வீட்டில் கன்னடம், வாசல் தாண்டினால் தமிழ். தெரு முழுக்க விசைத்தறி ஓடும். எங்கள் தெருவில் ரகசியம் பேசுகிறவர்கள்கூடக் கத்தித்தான் பேச வேண்டும். அதனாலோ என்னவோ, சத்தத்துக்கு நான் பயந்ததே இல்லை. அமைதியான இடத்தில்தான் எனக்குக் கை கால் பரபரக்கும்.

1. குடியரசு தினம்

ஊரின் பெயரை எழுதப்போவதில்லை. திருச்சுழியிலிருந்து நரிக்குடி போகிற பக்கம், மெயின் ரோட்டில் இறங்கி உள்ளே நடக்க வேண்டும். வழி நெடுக இரண்டு பக்கமும் சீமைக்கருவேல். கண்மாய்க்குள்ளும் அதுதான். அதை வெட்டி, மூட்டம் போட்டுக் கரியாக்கி விற்பதுதான் ஊரின் கடைசித் தெருவுக்குப் பிழைப்பு. எப்போது போனாலும் அந்தப் பக்கம் ஒரு புகை படுத்துக் கிடக்கும்.

புதிதாகத் தலைவரான முத்துராக்கு அந்தத் தெருக்காரர். மூட்டத்தில் வேலை செய்து விரல் இடுக்கெல்லாம் கரி ஏறிய பெண். தலைவர் பதவி அந்த முறை பெண்களுக்கு ஒதுக்கப்பட்டிருந்தது. அதுவரை ஊரை வைத்திருந்த பெரியவீட்டுக்காரர், ஊரார் வாயில் 'பெரியவுக', தேர்தலுக்குச் சற்று முன்னால் இறந்துபோயிருந்தார். யாரை நிறுத்துவது என்று சொல்ல ஆளில்லாமல் ஊர் திகைத்து நின்ற நேரத்தில் முத்துராக்கு போய் மனுவைப் போட்டுவிட்டார். எதிர்த்து யாரும் போடவில்லை. இப்படித்தான் எங்கள் நாட்டில் சில சமயம் மாற்றம் வந்து சேர்கிறது.

அவர் கேட்டது ஒன்றே ஒன்று. கடைசித் தெருவுக்குக் குடிதண்ணீர்க் குழாய். மேல்நிலைத் தொட்டி மெயின் தெருவில் இருந்தது. கடைசித் தெருவில் ஒரு போர்வெல், அதில் வருவது உப்புத் தண்ணீர். குழாயைக் கொண்டுபோக இருந்த ஒரே வழி பெரியவீட்டுக்குப் பின்னால் போகும் ஓடைப் புறம்போக்கு. அரசாங்க நிலம்தான், ஆனால் பெரியவுக கம்பி வேலி போட்டு வளைத்து வைத்திருந்தார். ஓடை வழியாகக் குழாய் போடலாம் என்று கிராம சபை தீர்மானம் போட்டால், வீட்டுக் குழாய்த் திட்டத்தில் வேலை உடனே தொடங்கும். அந்த ஆண்டுக்குள் தீர்மானம் வராவிட்டால் குழாய் வேறு ஊருக்குப் போய்விடும்.

கூட்டம் பெரியவீட்டுக்கு எதிரே இருந்த நாடக மேடையில் நடந்தது. காலை பதினொரு மணி, பளிச்சென்று வெயில். நல்ல கூட்டம். தெருவிளக்கு, சாக்கடை வாறுகால், நூறு நாள் வேலை என்று வரிசையாகப் போனது. சனங்கள் சிரித்துப் பேசிக்கொண்டிருந்தார்கள். முத்துராக்கு எழுந்து, எழுத்துக் கூட்டி, ஓடைத் தீர்மானத்தைப் படிக்க ஆரம்பித்தார்.

'ஓடைப் புறம்போக்கு வழியாக' என்ற இடம் வந்ததும் யாரோ செருமினார்கள்.

சாதாரண இருமல் இல்லை அது. வயதான ஆண், வெற்றிலையைத் துப்பிவிட்டுத் தொண்டையைச் சரி செய்வாரே, அந்த மாதிரி. முதலில் நீளமாக ஒன்று. கொஞ்சம் இடைவெளி விட்டு, குட்டையாக ஒன்று.

ஊர் எழுந்துவிட்டது. ஆண்கள் துண்டை உதறித் தோளில் போட்டார்கள். பெண்கள் பிள்ளைகளைத் தூக்கி இடுப்பில் வைத்தார்கள். ஒருவர் முகத்தை ஒருவர் பார்க்கவில்லை. சண்டையில்லை, சலசலப்பில்லை. கொஞ்ச நேரத்தில் மேடைக்கு முன்னால் காலி நாற்காலிகளும் பிரிக்காத சேவுப் பொட்டலங்களும்தான் இருந்தன. முத்துராக்கு காகிதத்தைப் பிடித்தபடி நின்றார்.

நான் ஊராட்சிச் செயலர் சண்முகவேலைப் பார்த்தேன். ஒல்லியான, எதிலும் சிக்காத மனிதர்.

"என்ன சண்முகவேல், என்ன ஆச்சு?"

"கூட்டம் முடிஞ்சிருச்சு மேடம்."

"யாரு முடிச்சது? தலைவரம்மா இன்னும் படிச்சிட்டு இருக்காங்களே."

"அவுக செருமிட்டாக மேடம்."

"எவுக?"

"பெரியவுக."

"அவரு செத்து எத்தனை மாசமாச்சு?"

"ஆமா மேடம். கருமாதிக்குப் பந்தல் போட்டதே நான்தான்" என்றார், நாளைக்குக் கரண்ட் இருக்காது என்று சொல்கிற மாதிரி.

பிறகு டீயை ஊற்றிக் கொடுத்துவிட்டு விவரம் சொன்னார். பெரியவுக எந்தக் கூட்டத்திலும் வாய் திறந்து பேசினதில்லையாம். ஓரமாக ஒரு நாற்காலியில் உட்கார்ந்திருப்பார். ஊர் பேசும். அவருக்குப் பிடிக்காத பேச்சு வந்தால் செருமுவார். அவ்வளவுதான், அந்தப் பேச்சு முடிந்தது. பேசியவர் உட்கார்ந்துவிடுவார். வேண்டாம் என்று அவர் சொன்னதாகவும் ஆகாது, யாரும் மறுத்ததாகவும் ஆகாது.

எனக்குப் பழைய ஞாபகம் ஒன்று வந்தது. அந்த ஊரை எங்கள் அலுவலகத்தில் முன்மாதிரி ஊராட்சி என்று மெச்சுவோம். மனு வராது, தகராறு கிடையாது, எல்லாத் தீர்மானமும் 'ஏகமனதாக'. மற்ற ஊர்த் தலைவர்களிடம் "அந்த ஊரைப் போயிப் பாத்துட்டு வாங்கய்யா" என்று சொல்வோம். இத்தனை காலம் நாங்கள் மெச்சியது ஒரு செருமலைத்தான்.

பெரியவீட்டுக்குப் போய்ப் பார்த்தேன். யாரோ உள்ளே உட்கார்ந்து விளையாடுகிறான், பிடித்து நாலு கேள்வி கேட்க வேண்டும் என்ற கோபம். வாசலில் பெரிய பூட்டு. பூட்டுத் துவாரத்தில் குளவி மண் வைத்துக் கூடு கட்டியிருந்தது. அதைத் திறந்து எவனும் உள்ளே போயிருக்க முடியாது.

2. மே தினம்

இடம்தான் கோளாறு என்று நினைத்தேன். அடுத்த கூட்டத்தை ஊரின் மறுகோடியில் இருந்த பள்ளிக்கூடத்துக்கு மாற்றச் சொன்னேன். பெரியவீட்டிலிருந்து கூப்பிட்டால் கேட்காத தூரம். ஓரத்தில் தனி நாற்காலி எதுவும் போடக் கூடாது, எல்லோரும் தரையில் ஜமுக்காளத்தில்தான் உட்கார வேண்டும் என்றும் சொன்னேன்.

அன்றைக்கு வெயில் மண்டையைப் பிளந்தது. பள்ளிக்கூடத்தைச் சுற்றி ஒரு காக்கை கூட இல்லை. வகுப்பறைக்குள் சனம் நெருக்கி உட்கார்ந்திருந்தது. நான் கரும்பலகையை ஒட்டி நின்றுகொண்டு போனில் வீடியோ எடுத்தேன். எங்கள் துறைக்கு அப்போது வந்திருந்த புது ஏற்பாடு அது; கூட்டம் நடந்ததற்குப் படமும் வீடியோவும் அனுப்ப வேண்டும். செருமுகிறவன் முகம் தானாக மாட்டிக்கொள்ளும் என்று எனக்கு உள்ளூரச் சந்தோஷம்.

முத்துராக்கு படித்தார். அதே இடம் வந்தது. நீளமாக ஒன்று, குட்டையாக ஒன்று.

துண்டுகள் உதறப்பட்டன. பிள்ளைகள் இடுப்புக்கு ஏறின. நான் வாசலில் குறுக்கே நின்று, "உக்காருங்க! யாரு சொன்னா போகச் சொல்லி? கோரத்துக்கு வேண்டிய ஆளு இல்லேன்னா தீர்மானம் செல்லாது" என்று கத்தினேன். தறித் தெருக் குரல். மதிப்பாக ஒதுங்கி, "வாரோம்மா" என்று சொல்லிவிட்டே ஒவ்வொருவராகப் போனார்கள். ஒரு பெண்ணின் கையைப் பிடித்து நிறுத்தி, "உனக்கும் கடைசித் தெருதானே? தண்ணி வேண்டாமா?" என்று கேட்டேன். "வேணும்மா" என்றாள். கண்ணில் நீர் கட்டியிருந்தது. கையை மெல்ல உருவிக்கொண்டு போய்விட்டாள்.

அருப்புக்கோட்டை திரும்பும் பஸ்ஸில் ஜன்னலோரம் உட்கார்ந்து, காதில் ஒயரை மாட்டி வீடியோவைப் போட்டேன். முத்துராக்கின் குரல் தூரத்தில் கேட்டது. பிள்ளை அழுகிற சத்தமும் தூரத்தில்தான். செருமல் மட்டும் காதுக்குள்ளேயே கேட்டது. போனுக்கு ஒட்டினாற்போல, ஒரு முழம்கூடத் தள்ளி இல்லாமல். அந்த நேரத்தில் படத்தில் தெரிந்த ஒரு வாயும் அசையவில்லை. எனக்குப் பின்னால் யாராவது நின்றிருக்க வேண்டும் என்று முதலில் நினைத்தேன். எனக்குப் பின்னால் கரும்பலகை இருந்தது.

பட்டப்பகல், பஸ் நிறைய ஆள். அப்படியும் அருப்புக்கோட்டை வருவதற்குள் அந்த வீடியோவை அழித்துவிட்டேன்.

மறுநாள் பெரியவீட்டுக்காரரின் மகனுக்குப் போன் போட்டேன். மதுரையில் கடை வைத்திருந்தவர், ஊருக்கே வருவதில்லை. ஒரு பிடி பிடிக்க வேண்டும் என்றுதான் போட்டேன். மனிதர் தங்கமாகப் பேசினார்.

"ஓடை சர்க்கார் எடம்தான மேடம். அப்பா போட்ட வேலி அது. தாராளமா பிரிச்சுக்கோங்க. எனக்கு ஒரு ஆட்சேபணையும் இல்ல."

"அதை நீங்க கிராம சபைல வந்து சொல்லணும். ஊரு இன்னும் உங்க அப்பாவுக்குப் பயப்படுது."

அந்தப் பக்கம் குரல் தணிந்தது. "சத்தம் கேக்குதா மேடம்?" என்றார்.

"உங்களுக்கு யாரு சொன்னா?"

"யாரும் சொல்லல. நான் ஏன் ஊருப்பக்கம் வாரதில்லன்னு நெனைக்கிறீங்க?" பிறகு பெருமூச்சு விட்டு, "ஆகஸ்டு பதினஞ்சுக்கு வாரேன். நானே சொல்லீர்றேன். அதோட போகட்டும்" என்றார்.

3. சுதந்திர தினம்

சொன்னபடி வந்தார். வெள்ளைச் சட்டை, கையில் கைக்குட்டை. அன்றைக்குக் காற்று ஓயாமல் அடித்தது. கரிசல் மண் பறந்து வாய்க்குள் கரகரத்தது. கொடிக்கயிறு கம்பத்தில் அடித்துக்கொண்டே இருந்தது. அவரைப் பார்த்ததும் ஊருக்கு முகம் மலர்ந்தது. பெரியவீட்டு வாரிசே சம்மதித்தால் செருமலுக்கு என்ன வேலை என்று எல்லோருக்கும் தோன்றியிருக்கும். எனக்கும் தோன்றியது. முத்துராக்கு அன்றைக்குத் தலையில் பூ வைத்திருந்தார்.

மகன் எழுந்து கும்பிட்டார். "எல்லாருக்கும் வணக்கம். அந்த ஓடை வேலிய எடுக்குறதுல எங்க குடும்பத்துக்கு..." என்றவர், வாயில் மண் விழுந்தது போலக் கைக்குட்டையால் வாயைப் பொத்திக்கொண்டார்.

செருமல் கேட்டது. நீளம், பிறகு குட்டை.

அவர் நின்ற பக்கத்திலிருந்துதான் வந்தது. அவரும் மற்றவர்கள் மாதிரியே தலையைத் திருப்பித் தேடினார். முகம் வெளிறிவிட்டது. "அப்பா" என்று மெதுவாகச் சொன்னார். முதலில் கிளம்பியதே அவர்தான். செருப்பைக்கூடப் போடாமல் காருக்குப் போனார். ஊர் அவர் பின்னாலேயே போய்விட்டது.

நாங்கள் மூன்று பேர் மிஞ்சினோம். சண்முகவேல் ஜமுக்காளத்தைச் சுருட்டினார். முத்துராக்கு பூவைப் பிய்த்து எறிந்துவிட்டுத் தரையில் உட்கார்ந்தார்.

"என் வீட்டுக்காரரு அந்தத் தண்ணியக் குடிச்சுக் கிட்னி போயித்தான் செத்தாரும்மா. இப்ப மகனுக்கும் கல்லு இருக்குன்னு ஸ்கேன்ல சொல்லிட்டாக. வலி வந்தா தரையில உருளுறான். தண்ணிய மாத்துங்கன்னு டாக்டரு சொல்றாரு. எதுக்கு மாத்த?" என்றார். பிறகு, "உசுரோட இருக்கவுக எதுத்தா சண்ட போடலாம். இப்ப நான் யாரோட சண்ட போட?" என்றார்.

இத்தனை வருஷம் சட்டம், விதி, சுற்றறிக்கை என்று படித்திருந்தேன். செத்தவர் ஆட்சேபணை தெரிவித்தால் என்ன செய்வது என்று எந்தச் சுற்றறிக்கையிலும் இல்லை.

அலுவலகத்தில் எங்கள் அதிகாரியிடம் சொன்னேன். நல்ல மனிதர், என்னைவிட வயதில் சின்னவர். "மேடம், செருமல்னு அறிக்கைல எழுத முடியுமா? என்னையத்தான் கேப்பாங்க. ஒத்திவைக்கப்பட்டதுன்னு எழுதுங்க. அக்டோபர்லயும் வரலேன்னா குழாய வேற ஊருக்கு மாத்திருவோம். பாவம், கேக்குற ஊரு நிறைய இருக்கு" என்றார். அவர் சொன்னதிலும் தப்பில்லை.

4. காந்தி ஜெயந்தி

மைக் செட் யோசனை முத்துராக்குடையது. "என் சத்தம் பத்தலம்மா. ரேடியோ செட்டு கட்டுவோம். அவுக செருமுனாலும் என் சத்தம் மேல கேக்கட்டும்" என்றார். எனக்கு வேறு கணக்கு. மைக் ஒருவர் கையில்தான் இருக்கும். செருமல் எங்கிருந்து வருகிறது என்பதை அன்றைக்காவது கண்டுபிடித்துவிட வேண்டும்.

மேல்நிலைத் தொட்டியின் மேலே ஏறி நாலு திசைக்கும் குழாய் ஸ்பீக்கர் கட்டினார்கள். கூட்டம் அதன் அடியில். மைக் செட்டுக்காரரிடம் கேட்டேன்: "தள்ளி உக்காந்திருக்கவுக பேசுனா இதுல கேக்குமா?"

"கேக்காது மேடம். வாயோட ஒட்டி வச்சாத்தான் எடுக்கும். ஒரு எட்டு தள்ளி நின்னு கத்துனாலும் எடுக்காது. மட்டமான மைக்கு" என்றார் பெருமையாக.

முத்துராக்கு மைக்கோடு நின்றார். நான் கூட்டத்தைப் பார்த்தபடி அவருக்குப் பக்கவாட்டில் நின்றேன். மழைக்கு முந்திய மேகமூட்டம், காற்றே இல்லை. கரிப்புகை நகராமல் தெருக்களில் நின்றது. எல்லோருடைய வாயையும் ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டே வந்தேன். எல்லா வாயும் மூடியிருந்தது.

"ஓடைப் புறம்போக்கு வழியாக" என்று நாலு ஸ்பீக்கரிலும் கேட்டது.

அடுத்து செருமல் கேட்டது. தொட்டிக்கு மேலிருந்து, ஸ்பீக்கரில், நாலு திசையிலும். நீளமாக ஒன்று. குட்டையாக ஒன்று. காலித் தெருக்களுக்குள் போய் மோதித் திரும்பி வந்தது.

துண்டை உதறப்போன கைகள் அப்படியே நின்றன. எல்லோரும் அண்ணாந்து ஸ்பீக்கரைப் பார்த்தார்கள். பிறகு, ஒயர் போகிற வழியே கண்ணைக் கொண்டுவந்ததுபோல, மெல்ல முத்துராக்கைப் பார்த்தார்கள்.

நானும் பார்த்தேன். முத்துராக்கு ஒரு கையால் தன் கழுத்தைப் பிடித்துக்கொண்டிருந்தார். கண் பிதுங்கியிருந்தது. தொண்டைக்குழி இன்னும் துடித்துக்கொண்டிருந்தது. அந்தக் கிழவருடைய சத்தம் இந்தப் பெண்ணின் தொண்டையிலிருந்து வந்திருக்கிறது. அவருக்கே தெரியாமல்.

அப்போதுதான் எனக்கு எல்லாம் விளங்கியது. ஆகஸ்டில் கைக்குட்டையால் வாயைப் பொத்தியவர் மகன். மே மாதம் போனுக்கு ஒரு முழத்துக்குள் இருந்த தொண்டை என்னுடையது. ஜனவரியில் யாரோ, யாராகவும் இருக்கலாம். பூட்டிய வீட்டில் நான் தேடிய ஆள் எங்கள் ஒவ்வொருவருக்குள்ளும் முறை வைத்து உட்கார்ந்திருந்தார். எனக்கு ஓடிவிட வேண்டும் போலிருந்தது. உண்மையாகச் சொல்கிறேன், முத்துராக்கு மட்டும் அங்கே இல்லாவிட்டால் ஓடியிருப்பேன்.

"இது..." என்றார் முத்துராக்கு மைக்கில். "இது என் தொண்டையில இருந்துதான வருது."

யாரும் அசையவில்லை.

"அவுகதான் செருமுறாகன்னு நெனச்சு எந்திரிச்சுப் போயிட்டே இருந்தோம். அவுக இங்க இல்லய்யா. நம்மதான்." கொஞ்சம் மூச்சு வாங்கினார். "வரட்டும். அது பாட்டுக்கு வரட்டும். நான் படிக்கப்போறேன்."

மறுபடி முதலிலிருந்து படித்தார். அதே இடத்தில் செருமல் வந்தது. வந்ததும் நிறுத்தி, எச்சிலை விழுங்கிவிட்டு, விட்ட இடத்திலிருந்து படித்தார். ஒரு வரி அவர் குரல், ஒரு செருமல், மறுபடி அவர் குரல். ஒரே ஸ்பீக்கரில் இரண்டு பேர் மல்லுக்கட்டுவதைக் கேட்டது போலிருந்தது. கடைசி வரி வரும்போது அவர் முகமெல்லாம் வியர்வை.

"சம்மதம்னா கையத் தூக்குங்க. வாயத் தொறக்க வேணாம். கை போதும்" என்றார்.

முதலில் கை தூக்கியது மே மாதம் என் பிடியிலிருந்து கையை உருவிக்கொண்டு போன பெண். தூக்கியதும் அவள் தொண்டையிலிருந்து அந்தச் சத்தம் வந்தது. கிழட்டு ஆணின் சத்தம், சின்னப் பெண்ணின் வாயில். அவள் கண்ணை இறுக மூடிக்கொண்டாள், கையை இறக்கவில்லை. பக்கத்தில் ஒரு கை. ஒரு செருமல். பின்வரிசையில் துண்டு போட்ட ஒரு தாத்தா, அவருக்கு முன்னால் பிள்ளைக்குப் பால் கொடுத்துக்கொண்டிருந்தவள். கைகள் ஏற ஏற ஒவ்வொரு தொண்டையிலிருந்தும் அதே நீளம், அதே குட்டை. கூட்டம் முழுவதும் ஒரே குரலில் செருமிக்கொண்டு கையைத் தூக்கிக்கொண்டிருந்தது. செயலர் சண்முகவேல் எதிலும் சிக்காதவர் என்று சொன்னேனே, அவரும் அந்த ஊரில் ஓட்டுள்ளவர்தான். அவர் கையும் மேலே இருந்தது, வாயைப் பொத்திய மறு கைக்குள்ளிருந்து சத்தம் வந்தது.

என் தொண்டையும் அரித்தது. இந்த முறை எனக்குத் தெரிந்தது. நாக்கைக் கடித்துக்கொண்டு நின்றேன்.

தீர்மானம் நிறைவேறியது. எழுதும்போது சண்முகவேல் பழக்கத்தில் 'ஏகமனதாக' என்று ஆரம்பித்தார். பேனாவை நிறுத்தி என்னைப் பார்த்தார். "பெரும்பான்மைன்னு எழுதுங்க" என்றேன். கை தூக்காதவர்களும் இருந்தார்கள். அவர்களும் எழுந்து போகாமல் உட்கார்ந்தே இருந்தார்கள், அது எனக்குப் போதும்.

5. குழாய்

நான் ஓய்வு பெறுவதற்கு முன்னால் பார்த்த கடைசிப் பணி அதுதான். வேலியைப் பிரித்தார்கள். மண் வெட்டும் எந்திரம் ஓடைக்குள் இறங்கியது. பெரியவீட்டு மகன் ஊருக்கு வரவில்லை, போனில் மட்டும் விசாரித்துக்கொண்டார்.

தண்ணீர் திறக்கும் அன்றைக்குக் கடைசித் தெருவில் எல்லோரும் குடத்தோடு நின்றார்கள். முத்துராக்கின் மகனும் நின்றான், ஒரு கையை இடுப்பில் அழுத்திக்கொண்டு. மேல்நிலைத் தொட்டியில் வால்வைத் திறந்துவிட்டதாகப் போனில் தகவல் வந்தது. முத்துராக்கு குடத்தை வைத்துக் குழாயைத் திருகினார்.

தண்ணீர் வரவில்லை.

முதலில் உள்ளே எங்கோ ஒரு உறுமல். அது ஓடைப் பக்கத்திலிருந்து, பெரியவீட்டுக்குப் பின்னாலிருந்து, மண்ணுக்கடியில் எங்களை நோக்கி வந்தது. பிறகு குழாய் வாய் திறந்து செருமியது. நீளமாக ஒன்று. கொஞ்சம் இடைவெளி விட்டு, குட்டையாக ஒன்று.

தெரு முழுவதும் ஒரு அடி பின்னால் போனது. இடுப்புக் குடங்கள் ஒன்றோடொன்று இடித்தன. வெட்கப்படாமல் சொல்கிறேன், நானும் பின்னால் போனேன். புதிதாகப் பதித்த குழாயில் காற்று அடைத்திருந்தால் இப்படிச் சத்தம் வரும், எத்தனையோ ஊரில் பார்த்தவள் நான். இருந்தும் என் கால் தானாகப் போனது.

இளையவர்கள் என்னிடம் கேட்கும் கேள்விக்கு இன்றைக்கு என்னிடம் இருக்கிற பதில் இதுதான். சட்டம் போட்டு ஒருவரை இறக்கி இன்னொருவரை உட்கார வைத்துவிடலாம், அது ஒரு நாள் வேலை. பழைய சத்தம் அதற்குப் பிறகும் வரும். புதுக் குழாயிலும் வரும், நம்முடைய தொண்டையிலும் வரும். கூட்டத்துக்குப் போனால் எழுந்து போகிறவர்களைத் திட்டாதீர்கள். யார் நின்றுகொண்டிருக்கிறார்கள் என்று பாருங்கள், அவர் பக்கத்தில் போய் நில்லுங்கள்.

அன்றைக்கு முத்துராக்கு நகரவில்லை. குழாயைப் பிடித்த கையை எடுக்கவுமில்லை. மகன் குனிந்து குடத்தை எடுக்கப் போனான்.

"எடுக்காதடா" என்றார், எங்கள் எல்லோருக்கும் கேட்கிற மாதிரி. "காத்து போகுது. போகட்டும். தண்ணி பின்னால வருது."

நாங்கள் அத்தனை பேரும் குழாயையே பார்த்துக்கொண்டு நின்றோம்.